படம் எடுக்க மட்டும் நிற்கும் இடம்

ஊரே இல்லாத ஒரு காலத்திலே, ஒரே காடாகக் கிடந்த ஓர் இடத்திலே, ஒரு ராஜா வந்து நின்றாராம், கையை நீட்டி இங்கே ஓர் ஏரி வேணும் என்றாராம், ஏரி வந்ததாம், ஏரிக்கு மேலே பாலம் வேணும் என்றாராம், பாலமும் வந்ததாம், எல்லாம் வந்த பிறகு பார்த்தால் ஊர் இருக்கிறது, ஊருக்குள் ஆளைக் காணோமாம். இதை நான் மைக்கில் சொல்கிறேன். பஸ்ஸில் சிரிக்கிறார்கள். இந்த இடத்தில் எப்போதும் சிரிப்பார்கள். தமிழ்நாட்டிலிருந்து வருகிறவர்களுக்குப் புத்ராஜெயாவைக் கதை மாதிரி சொன்னால்தான் பிடிக்கும், தாத்தா எனக்குச் சொன்ன ராகத்திலேயே சொல்வேன், வாய் தன்பாட்டுக்குச் சொல்லிக்கொண்டு போகும், நான் அதற்குப் பின்னால் உட்கார்ந்து வேறு எதையாவது நினைத்துக்கொண்டிருக்கலாம். மற்ற நாட்களில் அது ஒரு வசதி. இன்றைக்கு வாய் முன்னால் போகப் போக நான் பின்னால் தனியாக மாட்டிக்கொள்கிறேன். ஏன் வந்தேன். இன்றைக்கு எனக்குப் போட்டிருந்தது பத்துமலை முருகன் கோயில். விடியற்காலையில் ஏஜென்சி மிஸ் லிம் செய்தி அனுப்பினாள், புத்ராஜெயா கைடுக்குக் காய்ச்சல், அரைநாள்தான், நீ போ சீலன், ப்ளீஸ். முடியாது என்று ஒரு சொல் போட்டிருக்கலாம். வேறு எந்த ஊராக இருந்தாலும் போகிறேன், இன்றைக்கு அந்த ஊர் மட்டும் வேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். கட்டைவிரல் ஓகே என்று போட்டது. கட்டைவிரல்தான் போட்டது, நான் போடவில்லை. இல்லை, நான்தான் போட்டேன். அங்கே, இந்த நேரான பெரிய சாலையின் ஓரத்தில், குவிமாடம் வைத்த அந்த வெள்ளை நீதி மாளிகைக்குள் இந்நேரம் என் தம்பி குணாளனுக்குத் தூக்கு நிற்குமா, நிற்காதா என்று சொல்லப்போகிறார்கள். அம்மாவும் தங்கச்சி விமலாவும் உள்ளே இருக்கிறார்கள். நான் அந்தப் பக்கமே வரக்கூடாது என்று அம்மா சொல்லியிருக்கிறாள். நான் மைக்கைப் பிடித்துக்கொண்டு, மஞ்சள் கொடியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, அந்தப் பக்கமே போய்க்கொண்டிருக்கிறேன்.

"ஏனுங் தம்பி, நெசமாலுமே ஆளக் காணமுங்களே!" என்கிறார் முன்சீட்டு வேலப்பன். காங்கேயத்தில் அரிசி மில் வைத்திருக்கிறவர், கண்ணாடியில் மூக்கு படப் பார்க்கிறார். "ரோட்டக் கழுவி உட்டாப்புல இருக்குது. ஒரு டீக்கடை இல்ல, ஒரு நாய் இல்ல. இத்தன அகலத்துக்கு ரோடு போட்டு யாருங்க நடக்கறது?" எல்லாரும் ஆபீஸுக்குள்ளே இருப்பாங்க சார், இது அரசாங்க ஊர், என்கிறது வாய். "எங்கூர்ல ஆபீஸ்ல ஆளிருக்க மாட்டாங்க, டீக்கடையில இருப்பாங்க." பஸ் முழுக்கச் சிரிப்பு. அவர் மனைவி ருக்மணியம்மா அவர் தொடையில் ஒரு தட்டுத் தட்டுகிறார். "சும்மா வாங்க, அந்தத் தம்பியப் பேச உடுங்க." பேசுகிறேன். இங்கே முன்பு ஒன்றுமே இல்லை என்று சொல்லச் சொல்லியிருக்கிறார்கள், வெறும் காடு, வெறும் தோட்டம். தாத்தா பால் வெட்டிய ரப்பர்த் தோட்டம் இந்த ஏரிக்குக் கீழே எங்கேயோ கிடக்கிறது, அதற்காக எனக்குப் பெரிய துக்கம் எதுவும் கிடையாது, நான் வளர்ந்தது அடுக்குமாடியின் மூன்றாம் மாடியில், எனக்கு அங்கே வந்தது கதைகள் மட்டும்தான். அதில் ஒரு கதை இன்று காலையிலிருந்து போகமாட்டேன் என்கிறது. ஒரு ராஜாவுக்கு ரெண்டு பிள்ளைகள். பெரியவன் நிழல் சின்னவன்மேல் விழுந்தால் சின்னவன் செத்துப்போவான் என்று ஜோசியர் சொல்லிவிட்டார். பெரியவன் என்ன செய்தான், சூரியன் வருவதற்கு முன்னாலேயே, நிழலே இல்லாத நேரமாகப் பார்த்து எழுந்து போய்விட்டான். அப்புறம் சின்னவன் யானை ஏறினான், மாலை வாங்கினான், சண்டை போட்டான், கதை முழுக்க அவன்தான். பெரியவன் என்ன ஆனான் தாத்தா என்று கேட்டேன். குணா அப்போது என் காலடியில் தூங்கிவிட்டிருந்தான், எப்போதும் பாதிக் கதையில் தூங்கிவிடுவான். தாத்தா வெற்றிலையை மென்றுகொண்டே, கதை அவனைப் பத்தி இல்லடா, என்றார். எரிச்சலாக வந்தது. இப்போதும் வருகிறது. வலப்பக்கம் பாருங்க, பிங்க் மசூதி. எல்லாரும் வலப்பக்கம் திரும்புகிறார்கள்.

மசூதியில் பெண்களுக்குத் தலையோடு மூடும் அங்கி கொடுக்கிறார்கள், ருக்மணியம்மா அதைப் போட்டுக்கொண்டு வெட்கப்பட்டுச் சிரிக்கிறார், வேலப்பன் படம் எடுத்து மகளுக்கு அனுப்புகிறார், நான் நிழலில் நிற்கிறேன். நிழலில் நிற்கிறேன் என்பதே உறைக்கிறது, ஓரடி தள்ளி வெயிலில் நிற்கிறேன், வெயிலில் நின்றால் என் நிழல் விழுகிறது. இது பைத்தியக்காரத்தனம். ராசி என்று ஒன்று கிடையாது. விமலாவும் அப்படித்தான் சொன்னாள், அண்ணா, அம்மா பேசறதையெல்லாம் மனசுல வச்சுக்காதே. ஆனால் அவளும் நீ வா என்று சொல்லவில்லை. முதல் தடவை ஷா ஆலாம் கோர்ட்டில் நான் அம்மா பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன், தூக்கு என்றார்கள். அது சட்டம், அப்போது கையில் பிடிபட்ட போதைப்பொருள் ஓர் எடைக்கு மேல் இருந்தால் தூக்குத்தான், யார் உட்கார்ந்திருந்தாலும் அதுதான். இரண்டாவது தடவை, அப்பீல். இதோ இதே ஊரில், அதே மாளிகையில். எனக்குக் காலையில் ஏர்போர்ட்டில் ஆள் ஏற்றும் வேலை, ஓடி வந்தேன், கோர்ட்டு அறையின் கதவு கனமான மரக்கதவு, சத்தம் வரக்கூடாதென்று தோளால் மெதுவாகத் தள்ளினேன், கதவு திறந்த நொடியில் நீதிபதியின் வாயிலிருந்து அந்த ஒரு மலாய்ச் சொல் வந்தது. தள்ளுபடி. எனக்காகவே காத்திருந்து சொன்ன மாதிரி. அம்மா நீதிபதியைப் பார்க்கவில்லை, கூண்டில் நின்ற குணாவைப் பார்க்கவில்லை, திரும்பி என்னைப் பார்த்தாள். கதவு இன்னும் என் தோளில் சாய்ந்திருந்தது. அந்தப் பார்வைக்கு என்ன பெயர் வைப்பதென்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை, கோபமில்லை, கோபமென்றால் தாங்கிக்கொள்ளலாம். எதையோ கண்டுபிடித்துவிட்ட பார்வை. அப்புறம் கிள்ளானில் குறி சொல்கிற ஒருவரிடம் போய் உட்கார்ந்தாள். குறுக்கே ஒரு நிழல் விழுது தாயே என்றாராம் அவர். யாருடையது என்று அம்மா கேட்கவே இல்லையாம். கேட்கவில்லை என்பதை எனக்கு அம்மாவே சொன்னாள், சோற்றைப் போட்டு ரசத்தை ஊற்றிக்கொண்டே.

அப்புறம் சட்டம் மாறியது. கட்டாயத் தூக்கு இல்லை, தண்டனையை மறுபடி பார்ப்போம் என்றார்கள், உள்ளே இருந்தவர்களெல்லாம் மனுப் போட்டார்கள், ஒவ்வொருவராகப் பெயர் வந்தது, நிறையப் பேருக்குத் தூக்கு எடுபட்டது, ஒன்றிரண்டு பேருக்கு எடுபடவில்லை. இந்த ஒன்றிரண்டு பேர் யார் என்பதுதான் என் தலைக்குள் சுற்றுகிறது. லாயர் சிங் தாடியைத் தடவிக்கொண்டு, ஹோப் இருக்கு, ப்ராமிஸ் இல்லை என்றார். முந்தாநாள் இரவு அம்மா என் அறைக்கு வந்து நின்றாள், விளக்கைப் போடவில்லை. "சீலா, புதன்கிழமை நீ வேலைக்குப் போயிடு." லீவு சொல்லிட்டேன்மா. "லீவை வேணான்னு சொல்லு. அந்தப் பக்கம் வராத. அவன் என் புள்ளடா." நான் யாரும்மா என்று கேட்க நாக்கு எழுந்தது, பற்களுக்குப் பின்னாலேயே நின்றுவிட்டது. சரிம்மா என்றேன். நான் சரிம்மா என்று சொல்லிச் சொல்லியே வளர்ந்தவன். "தம்பி, படகு எப்பங்க?" என்கிறார் ருக்மணியம்மா. இதோ போறோம்மா, இதோ.

படகுத்துறையில் ஆரஞ்சு நிற மிதவைச் சட்டை கொடுக்கிறார்கள். படகுக்காரன் ஆட்களை ஏற இறங்கப் பார்த்து, பெருத்தவர்களை நடுவிலும் மெலிந்தவர்களை ஓரத்திலும் உட்காரச் சொல்கிறான், எடை சரியாக இருக்கவேண்டுமாம். வேலப்பன் நடுவில் போய் அமர்ந்து, "பாரு ருக்கு, எம்பட மதிப்பு இந்த ஊர்க்காரனுக்குத் தெரிஞ்சிருக்குது" என்கிறார், சிரிக்கிறார்கள். எடை பார்ப்பார்களாம். யாரோ சொன்னார்கள், யார் சொன்னது, சிறைவாசலில் காத்திருந்த ஒரு கிழவர், அவர் மகனும் உள்ளே. தூக்குக்கு முதல் நாளே எடை பார்ப்பார்களாம், எடைக்குத் தகுந்த நீளம். குணா உள்ளே போகும்போது நல்ல தடியன், இப்போது சட்டை தொங்குகிறது. தொங்குகிறது. வேறு சொல் இல்லையா. படகு பாலத்துக்கு அடியில் போகிறது, இந்த இடத்தில் நான் சொல்லவேண்டியது என்னவென்றால், பாருங்க, இந்தப் பாலம் தூணில் நிற்கவில்லை, மேலேயிருந்து கம்பி வடங்களில், அந்த வார்த்தை வருகிறது, வாயில் வந்து உட்கார்ந்திருக்கிறது, பாருங்க, இந்தப் பாலம், என்று நிறுத்திவிடுகிறேன். எல்லாரும் அண்ணாந்து பார்க்கிறார்கள். ஒரு சாய்ந்த கம்பத்திலிருந்து இத்தனை கயிறு. அழகாக இருக்குது, என்கிறேன். "ஆமாங்க, நல்லாத்தான் இருக்குது" என்கிறார் ருக்மணியம்மா பக்கத்திலிருந்து, கைப்பையைத் திறந்து ஒரு பொட்டுக்கடலை உருண்டையை என் உள்ளங்கையில் வைக்கிறார். "காலைலருந்து ஒண்ணும் சாப்புடலே போலிருக்குதே. மொகமெல்லாம் வாடிக் கெடக்குது. அம்மா இருக்கறாங்களா?" இருக்காங்கம்மா. "கூடப் பொறந்தவீங்க?" ஒரு தங்கச்சி, ஒரு தம்பி. "தம்பி என்ன பண்றாப்ல?" தம்பி வெளியூர்ல இருக்கான்மா. "அட, எப்ப வருவாப்ல?" உருண்டை நாக்கில் கரையாமல் கல் மாதிரி நிற்கிறது. தெரியலம்மா. இன்னிக்குச் சொல்லுவாங்க.

வெளியூர். அப்படிச் சொன்னால் குணா சிரிப்பான். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் போனைக் காதில் வைத்துக்கொண்டு, "இன்னிக்கு எந்த ஊரு, கைடு சார்?" என்றுதான் ஆரம்பிப்பான். ஒவ்வொரு தடவையும் அவனை ஓர் ஊருக்குக் கூட்டிப்போகவேண்டும். அழக்கூடாது, கேஸ் பேசக்கூடாது, அம்மாவின் பிரஷரைப் பற்றிப் பேசக்கூடாது, அதெல்லாம் விமலா பேசிட்டுப் போறா, நீ பஸ்ஸை எடு என்பான். நான் எடுப்பேன். மலாக்கா போவோம், பினாங்கு போவோம், தேயிலை மலைக்கு ஏறுவோம், வளைவில் ஒருத்தி வாந்தி எடுத்ததைக்கூடச் சொல்லவேண்டும், அதுதான் அவனுக்கு ரொம்பப் பிடிக்கும், வாந்தியைச் சொல்லு வாந்தியைச் சொல்லு என்று கண்ணாடியில் தட்டுவான். பாதிக் கதையில் தூங்கிப்போகிறவன் இப்போது தூங்குவதே இல்லை, ஒரு சொல் விடமாட்டான். போன தடவை புத்ராஜெயாதான். "டேய், மசூதி போனவாட்டி இடப்பக்கம்னு சொன்ன, இப்ப வலப்பக்கங்கற." போறப்ப வலது, வர்றப்ப இடதுடா. "அப்ப வர்ற வழியவும் சொல்லு." வர்ற வழியை யாருக்கும் நான் சொன்னதில்லை, திரும்பும்போது எல்லாரும் தூங்குவார்கள். அவனுக்குச் சொன்னேன். திரும்பி வருகிற வழியில் ஒவ்வொரு விளக்குக்கம்பமாகச் சொன்னேன், கம்பங்கள்கூட ஒவ்வொரு தெருவிலும் ஒவ்வொரு மாதிரி இந்த ஊரில். நீதி மாளிகை வந்தபோது நான் நிறுத்தினேன். அவன் போனை மாற்றி மறு காதில் வைத்தான். "அங்க இறங்கலாமா சார்?" இல்லை சார், அங்கே படம் எடுக்க மட்டும்தான் நிற்கும். "அப்ப ஒண்ணு எடுத்துக்குங்க" என்று கண்ணாடிக்குப் பின்னால் நேராக நின்று, காலரைச் சரி பண்ணிக்கொண்டு, சிரித்தான். பிடிபட்ட அன்று அவன் கையிலிருந்த பையில் என்ன இருந்தது என்று அவனுக்குத் தெரியுமா என்று நான் கேட்டதில்லை. கேட்டால் பஸ் நின்றுவிடும். வீட்டில் யாருக்கும் தெரியாத ஒன்று எங்களுக்குள் இருக்கிறதென்றால் அது இந்த பஸ்தான். அம்மாவுக்கு அது தெரிந்தால் அதையும், வேண்டாம், அதை நினைக்கவேண்டாம்.

படகு கரை சேர்ந்து, ஆட்கள் ஏறி, பஸ் கிளம்பியதும் நான் டிரைவரிடம் குனிந்தேன். ரஸ்லி அண்ணன், மலாய்க்காரர், பதினைந்து வருஷமாக இதே சாலை. கோர்ட்டில் நிற்கவேண்டாம், நேராகப் போய்விடுங்கள், என்று மலாயில் மெதுவாகச் சொன்னேன். ஏன் என்று கண்ணாடி வழியாகப் பார்த்தார். வெயில், என்றேன். அவர் தோளைக் குலுக்கினார், கியர் மாறியது, சாலை நேராக நீண்டது, தூரத்தில் அந்தக் குவிமாடங்கள் எழுந்தன, இப்படியே போய்விட்டால் போதும், ஒரு நிமிஷம் தலையைக் குனிந்துகொண்டால் கடந்துவிடும், நான் வந்ததாகவே ஆகாது, பஸ்ஸில் போகிறவனுடைய நிழல் பஸ்ஸுக்குள்ளேயேதான் விழும். "ஏனுங் தம்பி, அதானுங்களே கோர்ட்டு?" வேலப்பன் எழுந்தே விட்டார். "நிக்காமப் போறீங்க?" வெயில் ஜாஸ்தியா இருக்கு சார், லஞ்ச் லேட்டாகும். "அட அதென்னுங்க அப்புடிச் சொல்லீட்டீங்க, வெயிலு நாங்க பாக்காத வெயிலா! நோட்டீஸ்ல போட்டிருக்கறீங்கல்லோ. எம்பட மாப்பிள்ளை தாராபுரத்துல வக்கீலு. மாமா, அந்தக் கோர்ட்டு முன்னாடி நின்னு ஒரு போட்டோ புடிச்சு அனுப்போணும்னு சொல்லியிருக்காப்ல. இத உட்டுப்போட்டு நான் ஊருக்குப் போனா என்னைய என்னன்னு நெனப்பாப்ல?" பின்சீட்டிலிருந்தும் குரல் வருகிறது, ஆமாங்க நிறுத்துங்க, அஞ்சு நிமிஷந்தானே. ருக்மணியம்மா என் முகத்தைப் பார்க்கிறார். ரஸ்லி அண்ணன் என்னைப் பார்க்கிறார். என் தலை ஆடுகிறது. கட்டைவிரல் ஆடின மாதிரியே. பஸ் ஓரம் கட்டுகிறது, கதவு புஸ்ஸென்று திறக்கிறது, வெயில் உள்ளே ஏறி வருகிறது.

இறங்கிவிட்டேன். காலுக்குக் கீழே கல் பாவிய தரை, ஒரு தாள் இல்லை, ஒரு சருகு இல்லை. நிழல் சின்னதாக என் செருப்பைச் சுற்றிக் கிடக்கிறது, உச்சிவேளை, இதற்கு மேல் சின்னதாக ஆகாது. படிக்கட்டுகள் அங்கே, நான் இங்கே, நடுவில் பூச்செடி, அகழி மாதிரி ஒரு பசும்புல் தரை. இது வந்ததாகக் கணக்காகுமா, வாசல் வரை வந்தால் வந்ததா, உள்ளே வந்தால்தான் வந்ததா, குறி சொல்கிறவரைக் கேட்கவேண்டும், எத்தனை அடி வரைக்கும் சாமி என்னுடைய நிழல் வேலை செய்யும். வேலப்பன் தன் போனை என் கையில் கொடுக்கிறார். "தம்பி, கோபுரம் முழுசும் வரோணும், எங்க ரெண்டு பேரு காலும் வரோணும்." எல்லாரும் வரிசையாக நிற்கிறார்கள், தொப்பியைச் சரி செய்கிறார்கள், கண்ணாடியைக் கழற்றுகிறார்கள், ருக்மணியம்மா சேலை முந்தானையைத் தோளில் இழுத்துவிட்டுக்கொள்கிறார். நான் போனைத் தூக்கிப் பிடிக்கிறேன், பின்னால் போகிறேன், இன்னும் பின்னால், கால்கள் வந்துவிட்டன, குவிமாடம் வந்துவிட்டது. சிரிங்க, என்கிறேன். சிரிக்கிறார்கள். அவர்கள் தலைகளுக்கு மேலே, திரையில், படிக்கட்டின் உச்சியில், ஒரு கதவு திறக்கிறது. சின்னதாக மூன்று பேர். கறுப்புக் கோட்டும் தலைப்பாகையும் சிங். வெள்ளைச் சட்டை விமலா. நடுவில் அந்தப் பச்சைச் சேலை. அம்மாவுக்கு அந்தச் சேலையை எடுத்துக் கொடுத்தது நான், அது அவளுக்கு ஞாபகமிருந்தால் கட்டியிருக்கமாட்டாள். இறங்குகிறாள், ஒரு படி, இன்னொரு படி, கைப்பிடியைத் தேடுகிறாள், கிடைக்கவில்லை, திரையின் ஓரத்தில் வேலப்பனின் காதுக்கு மேலே என் அம்மா படியில் உட்கார்ந்துவிட்டாள். உட்கார்ந்து தலையில் கையை வைத்துக்கொண்டாள். முடிந்தது. முடிந்துவிட்டது. நான் இறங்கினேன், முடிந்துவிட்டது. பஸ் நின்றபோது முடிந்ததா, நான் கால் வைத்தபோது முடிந்ததா, கதவு, தோள், அந்த ஒரு சொல். "தம்பி, எடுத்தாச்சுங்களா? பல்லு காயுது." வேலப்பன் பல்லைக் காட்டியபடியே கேட்கிறார். விரல் தானாக அழுத்துகிறது. எடுத்தாச்சு சார்.

பஸ்ஸின் பின்பக்கம் எப்படி வந்தேன் என்று தெரியவில்லை. என்ஜின் சூடு முழங்காலில் அடிக்கிறது, டீசல் நாற்றம், டயரைப் பிடித்துக்கொண்டு நிற்கிறேன், சட்டைப்பையில் என் போன் துடிக்கிறது. விமலா. பஸ்ஸின் விளிம்பு வழியாகப் பார்த்தால் அவள் தெரிகிறாள், படியில் அம்மா பக்கத்தில் குந்தி, போனைக் காதில் அழுத்திக்கொண்டு. எடுத்தேன். "அண்ணா." அப்புறம் மூச்சு மட்டும். அப்புறம், "இல்லண்ணா. தூக்கு இல்ல. எடுத்துட்டாங்க. முப்பது வருஷம், புடிச்ச நாள்லேர்ந்து. ரோத்தான் இருக்கு, பன்னண்டு பிரம்படி. ஆனா தூக்கு இல்லண்ணா, குணா சிரிச்சான், எங்களப் பார்த்து சிரிச்சான்..." காலுக்குக் கீழே அந்தச் சுத்தமான கல் தரை மட்டும் தெரிகிறது. தூக்கு இல்லை. நான் இங்கே இருக்கும்போதே தூக்கு இல்லை. என் நிழலில் ஒன்றும் இல்லை. நான் ஒரு சாதாரண ஆள். ஓடிப்போய் அந்தப் படியில் விழுந்து, அம்மா, பாரு, நான் இங்கதான் இருந்தேன், இருந்தும் கொடுத்துட்டாங்க பாரு என்று சொல்ல ஒரு கால் முன்னால் போய்விட்டது. "அண்ணா, இரு, அம்மா பேசணுங்கறாங்க." படியில் பச்சைச் சேலை போனை வாங்குகிறது. "சீலா." அந்தக் குரலில் நான் கேட்டே நாளான ஒன்று இருக்கிறது, சின்ன வயதில் காய்ச்சலில் நெற்றியைத் தொடும்போது இருக்குமே, அது. "எங்கடா இருக்க?" முன்னால் போன கால் அங்கேயே நிற்கிறது. பத்துமலையில இருக்கேன்மா. ஏன் அப்படிச் சொன்னேன், காலையில் எனக்குப் போட்டிருந்தது அதுதானே, பாதிப் பொய்தானே. "பத்துமலையா!" அவள் எழுந்து நிற்பதைப் பார்க்கிறேன், வெறும் வானத்தைப் பார்த்துக் கையை எடுத்துக் கும்பிடுவதை இங்கிருந்து பார்க்கிறேன். "முருகா. அங்கயா நின்ன. பார்த்தியாடா, பார்த்தியா, நீ இங்க வராம அங்க போய் நின்ன, அவன் உசுரு தங்குச்சு. நான் சொன்னேன்ல. உனக்கும் நல்லது, அவனுக்கும் நல்லது." அம்மா. "இனிமேயும் இப்படியே இருந்துடு சாமி. ஜெயிலுக்கு நீ போகவேணாம். நானும் விமலாவும் போய்க்கறோம். அவன் முகத்துல முழிக்காத, உள்ள இன்னும் அடி இருக்கு, வருஷம் இருக்கு, எதுவும் ஆகக்கூடாது. அவன் வெளிய வர்ற வரைக்கும். என்ன?"

அவன் வெளியே வரும்போது அவன் தலை நரைத்திருக்கும், என் தலையும், நீ இருக்கமாட்டாய், யாரிடம் போய்க் கேட்பேன் இப்போது முழிக்கலாமா என்று. அவனுக்குப் பஸ்ஸை யார் எடுப்பார்கள். விமலாவுக்கு மலாக்கா தெரியாது, வர்ற வழி தெரியாது. சொல்லிவிடு. இங்கேதான் நிற்கிறேன் என்று சொல், திரும்பிப் பார்த்தால் தெரிகிற தூரத்தில் நிற்கிறேன் என்று சொல். சொன்னால் என்ன சொல்வாள். ராசி கிடையாது என்று புரிந்துகொள்வாளா, இல்லை, ஓ, நீ வந்ததாலதான் முப்பது வருஷம், வராம இருந்திருந்தா இன்னிக்கே வீட்டுக்கு வந்திருப்பான், என்பாளா. எனக்கு அம்மாவைத் தெரியும். அதைச் சொன்ன அன்றிலிருந்து அந்த முப்பது வருஷத்தின் ஒவ்வொரு நாளும் என் தலையில் உட்காரும், பன்னிரண்டு அடியும் என் கையால் அடித்ததாக ஆகும். சொல்லாவிட்டால் நான் அவனைக் காப்பாற்றியவன். காப்பாற்றியவன் அவனைப் பார்க்கமுடியாது. பெரியவன் என்ன ஆனான் தாத்தா. "என்னடா, கேக்குதா?" கேட்கிறது. அதே நேரம் ரஸ்லி அண்ணன் ஆட்களை ஏறச் சொல்லி ஹார்ன் அடிக்கிறார், நீளமாக, அது என் இந்தக் காதில் நேராகவும் அந்தக் காதில் போன் வழியாகவும் ஒரு நொடி பின்னால் கேட்கிறது. "என்னடா சத்தம்?" பஸ்மா. பஸ் ஹார்ன். "இங்கயும் ஒரு பஸ்ஸு கத்துது பாரு." அம்மா திரும்பவில்லை. விமலா திரும்பினாள். சாலையைப் பார்த்தாள், பஸ்ஸைப் பார்த்தாள், பஸ்ஸின் பின்னாலிருந்து நீட்டிக்கொண்டிருந்த மஞ்சள் கொடியைப் பார்த்தாள், அப்புறம் என்னை. வாய் லேசாகத் திறந்தது. நான் தலையை ஆட்டினேன், வேண்டாம் என்று. சரிம்மா, என்றேன் போனில். போகலம்மா. "என் ராசா" என்றாள் அம்மா, என்னை அப்படி அவள் கூப்பிட்டதே இல்லை.

போன் அடங்கிவிட்டது. பஸ்ஸில் ஏறிக்கொண்டிருக்கிறார்கள், வேலப்பன் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்து, "காலு ரெண்டும் வந்திருச்சுங்க, பின்னாடி யாரோ ஒக்காந்திருக்கறாங்க, பரவால்ல" என்று யாரிடமோ சொல்கிறார், ருக்மணியம்மா ஏறும் முன்னால் என் முழங்கையைத் தொட்டுவிட்டு ஏறிப்போகிறார். படியில் அம்மா இந்தப் பக்கம் திரும்பப் பார்க்கிறாள், கார் எங்கே என்று தேடுகிறாள் போலிருக்கிறது. விமலா சட்டென்று குறுக்கே வந்து நின்று, அம்மாவின் தோளில் கை போட்டு, மெதுவாக, கண் தெரியாதவர்களைத் திருப்புவது போல மறுபக்கம் திருப்புகிறாள். சிங் முன்னால் நடக்கிறார். அம்மா அவர் பின்னால், சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, இத்தனை வருஷத்தில் பார்க்காத ஒரு வேகத்தில், அந்த அகலமான, ஆளில்லாத நடைபாதையில் சின்னதாகிக்கொண்டே போய், மூலையில் மறைகிறாள். விமலா மட்டும் கடைசிப் படியில் நிற்கிறாள். கையை இடுப்புக்கு மேல் கொஞ்சம் தூக்குகிறாள், என்னைப் பார்த்து அசைப்பதற்குத்தான், பாதியில் இறக்கிவிடுகிறாள். அப்புறம் அவளும் திரும்பி நடந்தாள்.